ழான் க்ளோத் கரியேர்: இவருக்குன்னு ஒரு முத்திரை இருக்கா, இல்ல டைரக்டருக்கு ஏத்த ஆளா?

ரீல்பெட்டி:
மக்களே, ரொம்ப நாளா கேக்கணும்னு இருந்த கேள்வி. பிரெஞ்சு ஸ்கிரிப்ட் ரைட்டர் கரியேர் எழுதின படங்கள வரிசையா போட்டுப் பாருங்க. பியர் எத்தேவோட வசனமே கம்மியா இருக்குற காமெடி படங்கள், ஸ்பெயின்ல பொறந்த சர்ரியலிஸ்ட் (கனவு மாதிரி, தர்க்கத்துக்கு அடங்காம படம் எடுக்குற) டைரக்டர் புனுவேலோட பெல் து ஜூர், அலன் தெலோன் நடிச்ச லா பிஸின், ஷ்லோண்டோர்ஃபோட டின் ட்ரம், வாய்தாவோட தாந்தோன், ரப்பனோவோட சிரானோ, இங்கிலாந்து நாடக டைரக்டர் பீட்டர் புரூக்கோட மகாபாரதம், 2004ல நிக்கோல் கிட்மன் நடிச்ச பர்த். டைட்டில் கார்டை மறைச்சுட்டு போட்டா இதெல்லாம் ஒரே ஆள் எழுதினதுன்னு எவனாவது சொல்லுவானா? நான் சொல்ல மாட்டேன். 1931ல பொறந்து 2021 பிப்ரவரில செத்தாரு, அறுபது வருஷத்துக்கு கிட்ட எழுதிட்டே இருந்தாரு, நூறுக்கும் மேல ஸ்கிரிப்ட், 2014ல கௌரவ ஆஸ்கர் வேற. ஆனா என் கட்சி என்னன்னா அவரு ஒரு அருமையான டெய்லர், யாரு வந்தாலும் அளவெடுத்து தெச்சு குடுப்பாரு, அவருக்குன்னு சொந்தமா ஒரு சட்டை கிடையாது. மறுக்குறவங்க வாங்க.

எடிட்டிங்_ரூம்:
தல, டெய்லர்னு சொன்னா அது திட்டா பாராட்டா? எனக்கு பாராட்டாத்தான் தெரியுது.

அவரு எப்படி சினிமாக்குள்ள வந்தாருன்னு பாத்தா பாதி விஷயம் புரிஞ்சிடும். 1957ல முதல் நாவல் வருது. அந்த பப்ளிஷர் பிரெஞ்சு காமெடி டைரக்டர் ஜாக் தாத்தியோட படங்கள நாவலா எழுத ஆள் தேடுறாங்க, இவரு எழுதி குடுத்த சாம்பிள் தாத்திக்கு பிடிச்சுப் போச்சு. தாத்தி இவர நேர்ல கூப்ட்டு சினிமா பத்தி உனக்கு என்ன தெரியும்னு கேக்குறாரு, இவரு சினிமான்னா உயிர், வாரத்துக்கு இத்தன படம் பாப்பேன்னு சொல்ல, அது இல்லய்யா, சினிமா எப்படி எடுக்குறாங்கன்னு தெரியுமான்னு கேட்டா, தெரியாதுன்னு இவரு சொல்றாரு. உடனே தாத்தி தன்னோட எடிட்டர் சுசான் பரோன்கிட்ட ஆளை அனுப்பிடுறாரு. அந்தம்மா என்ன பண்ணாங்க தெரியுமா, மூவியோலான்னு ஃபிலிம் எடிட் பண்ற மெஷின் பக்கத்துல ஹூலோ படத்தோட ஸ்கிரிப்டை வெச்சு, மெஷின்ல முதல் ரீலை மாட்டி, எல்லா பிரச்சனையும் இந்தப் பேப்பர்ல இருந்து இந்த ஃபிலிமுக்கு எப்படி போறதுங்குறதுதான்னு சொன்னாங்க. ஒரு ரைட்டருக்கு முதல் பாடம் எடிட்டிங் டேபிள்ல, அதுவும் வசனத்த நம்பாத தாத்தி படத்துல. இந்த சம்பவத்த அவரு தன்னோட புத்தகத்துலயும் பேட்டிகள்லயும் திரும்பத் திரும்ப சொல்லிருக்காரு.

அந்த செட்டுலதான் பியர் எத்தேவ பிடிக்கிறாரு. ரெண்டு பேரும் சேந்து பண்ணின ஒரு குறும்படம், கல்யாண நாள் லஞ்சுக்கு வீட்டுக்கு போக முடியாம பாரிஸ் டிராஃபிக்ல ஒருத்தன் மாட்டிக்கிறது, அவ்ளோதான் கதை, அதுக்கு 1963ல ஆஸ்கர் கெடச்சுது. முதல் வரிசைலயே ஆஸ்கர் வாங்கின ஆளு அதுக்கப்புறம் அம்பது வருஷம் மத்தவங்க பேருக்குப் பின்னாடி நின்னாரு. அது அவரு எடுத்த முடிவு, திறமை இல்லாததால வந்தது இல்ல.

மொட்டமாடி:
காலத்தையும் பாக்கணும் பாஸ். 1954ல, அப்போ விமர்சகரா இருந்து பின்னாடி டைரக்டர் ஆன த்ரூஃபோ ஒரு கட்டுரை எழுதி ஒராங்ஷ், போஸ்த்னு அப்போ பெரிய ஆளா இருந்த ரெண்டு ஸ்கிரிப்ட் ரைட்டர்கள கிழிச்சு தொங்க விட்டாரு. அதுல இருந்து பிரெஞ்சு சினிமால டைரக்டர்தான் கடவுள், ரைட்டர்னா ஏதோ பழைய காலத்து நாவல அடாப்ட் பண்ற கிளார்க் மாதிரி ஒரு பார்வை வந்துச்சு. (ஒராங்ஷ், போஸ்த் ரெண்டு பேரையும் பின்னாடி 1974ல டைரக்டர் தாவர்னியே திரும்ப கூட்டிட்டு வந்தாரு, அது தனி இழைக்கான விஷயம்.) கரியேர் வேலைக்கு வர்ற நேரமே ரைட்டருக்கு மதிப்பு அடிமட்டத்துல இருந்த நேரம். அந்த ஊர்ல ரைட்டரா மட்டும் இருந்து பேர் வாங்கினாரேன்னுதான் நான் ஆச்சரியப்படுறேன்.

அப்புறம் 1986ல பாரிஸ்ல லா ஃபெமிஸ் ஃபிலிம் ஸ்கூல் ஆரம்பிச்சப்போ அதுக்கு தலைவரா போட்டது இவரத்தான், பத்து வருஷம் இருந்தாரு. டைரக்டர்கள உருவாக்குற ஸ்கூலுக்கு தலைவர் ஒரு ரைட்டர்.

ரீல்பெட்டி:
@மொட்டமாடி ஒத்துக்கறேன், ஆளு சாதனைய நான் கொறச்சு பேசல. என் கேள்வி வேற. புனுவேல் கூட ஆறு படம். டைரி ஆஃப் எ சேம்பர்மெய்ட் 1964, பெல் து ஜூர் 67, மில்கி வே 69, டிஸ்க்ரீட் சார்ம் 72, ஃபாண்டம் ஆஃப் லிபர்ட்டி 74, அப்ஸ்க்யூர் ஆப்ஜெக்ட் 77. இந்த ஆறுல எது கரியேர், எது புனுவேல்? பிரிச்சு காட்டுங்க பாப்போம். கனவுக்குள்ள கனவு, செத்தவன் எழுந்து பேசுறது, பாதிரியார கிண்டல் பண்றது எல்லாமே புனுவேல் 1930லயே பண்ணிட்டாரு.

கோமதி_நெல்லை:
பிரிச்சு காட்ட முடியாதுங்கறதுதான் அங்க விஷயமே ரீல்பெட்டி. எனக்கு தெரிஞ்ச வரைக்கும் சொல்றேன், பொறுமையா படிங்க.

1963ல கான் ஃபிலிம் ஃபெஸ்டிவல்ல ரெண்டு பேரும் முதல் முறையா சந்திக்கிறாங்க. புனுவேல் கேட்ட முதல் கேள்வி நீ ஒயின் குடிப்பியா. கரியேர் பொறந்தது தெற்கு பிரான்ஸ்ல எரோல்ட் பக்கம் ஒரு சின்ன ஊரு, திராட்சைத் தோட்டக்கார குடும்பம். நான் குடிக்கறது மட்டும் இல்ல, எங்க வீட்லயே ஒயின் பண்றோம்னு சொன்னாரு, வேலை கெடச்சாச்சு. புனுவேலுக்கு அப்போ அறுபது தாண்டியாச்சு, இவருக்கு முப்பத்தி சொச்சம், முதல் படத்துலயே இவர பாதிரியார் வேஷத்துல நடிக்கவும் வெச்சாரு.

வேலை நடந்த விதம்தான் முக்கியம். ஸ்பெயின்லயோ மெக்சிகோலயோ ஊருக்கு ஒதுக்குப்புறமா ஒரு ஹோட்டல், பொண்டாட்டி புள்ள ஃப்ரெண்ட்ஸ் யாரும் கிடையாது, ரெண்டு பேர் மட்டும், மூணு வேளையும் சேந்து சாப்பாடு, காலைல கொஞ்ச நேரம் வேலை, மத்தியானம் கொஞ்ச நேரம் வேலை. சாயந்தரம் தனித்தனியா ஒரு அரை மணி நேரம் உக்காந்து ஆளுக்கு ஒரு கதை யோசிக்கணும், அப்புறம் பார்ல சந்திச்சு ஒருத்தருக்கொருத்தர் சொல்லணும். படத்துக்கு சம்பந்தம் இருக்கோ இல்லையோ, தினமும் ஒரு கதை கட்டாயம். கற்பனையும் தசை மாதிரி, வேலை குடுத்தாதான் வளரும்னு கரியேர் சாகுற வரைக்கும் சொல்லிட்டே இருந்தாரு.

இன்னொன்னு, ரெண்டு பேருக்கும் வீட்டோ உண்டு. ஒருத்தர் சொன்ன ஐடியாவ மத்தவர் சட்டுனு வேணாம்னுட்டா அதோட முடிஞ்சுது, ஏன்னு விளக்கம்லாம் கேக்கக் கூடாது. அதுக்கும் மேல ஒரு கற்பனை ஜோடிய பக்கத்துல உக்கார வெச்சிருப்பாங்க. ஆன்ரி, ஜார்ஜெத்னு ஒரு சாதாரண நடுத்தர பிரெஞ்சு புருஷன் பொண்டாட்டி. ஒரு சீன் ஓவரா போனா, ஜார்ஜெத் எழுந்துரு, வீட்டுக்கு போலாம், இது நமக்கான படம் இல்லன்னு ஆன்ரி சொல்லுவான்னு இவங்களே நடிச்சு பாப்பாங்க. சர்ரியலிஸ்ட்டுங்க ரெண்டு பேரு உக்காந்து ஜார்ஜெத்துக்கு புரியுமான்னு கவலைப்பட்டத நெனச்சா எனக்கு இப்பவும் சிரிப்பு வருது. டிஸ்க்ரீட் சார்ம் அவ்ளோ கிறுக்கா இருந்தும் போர் அடிக்காம போறதுக்கு இதான் காரணம்னு நான் நெனக்கிறேன்.

அப்ஸ்க்யூர் ஆப்ஜெக்ட்ல ஒரே கேரக்டர ரெண்டு நடிகைங்க பண்றது தெரியும்ல, கரோல் பூக்கேயும் ஆஞ்செலா மொலினாவும். ஸ்கிரிப்ட் எழுதும்போதே அந்த ஐடியா வந்து வேணாம்னு தூக்கி போட்டுட்டாங்க. ஷூட்டிங் ஆரம்பிச்சப்புறம் அந்த வேஷத்துக்கு முதல்ல போட்ட மரியா ஷ்னைடர் சரிப்பட்டு வரல, படமே நின்னு போற நெலமை. அப்போதான் குப்பைக்கு போன ஐடியா திரும்ப வந்துச்சு. அது யாரு ஐடியான்னு கேட்டா ஹோட்டலோடதுன்னுதான் சொல்லணும்.

லாச்சப்பல்_தம்பி:
நான் பாரிஸில இருக்கிறன். எல்லாரும் சினிமாவைப் பற்றியே கதைக்கிறீங்கள், அவர் டிவிக்கு எழுதினதை ஒருத்தரும் சொல்லேல்ல. இங்க பள்ளிக்கூடத்தில படிச்ச ஆரையாவது கேட்டுப் பாருங்கோ, கரியேர் எண்டா புனுவேல் எண்டு சொல்ல மாட்டினம், வயதோலித் விவாதம் எண்டுதான் சொல்லுவினம். 1992ல வந்த டிவி படம், ழான் தனியேல் வெரேக் எடுத்தவர். வகுப்பில போட்டுக் காட்டுவினம், நானும் அப்பிடித்தான் முதல் பாத்தனான்.

கதை 1550ல ஸ்பெயின்ல வயதோலித் எண்ட ஊர்ல நடக்குது. கொலம்பஸ் போய்ச் சேந்து அரை நூற்றாண்டுக்கும் மேல ஆச்சுது. அங்க இருக்கிற செவ்விந்தியர் எங்களைப் போல மனுசரோ, அவையளுக்கு ஆன்மா இருக்கோ எண்டு ஒரு மடத்துக்குள்ள இருந்து விவாதம் பண்ணுகினம். ஒரு பக்கம் லாஸ் காசாஸ் எண்ட பாதிரியார், நடிச்சது ழான் பியர் மரியேல். மற்றப் பக்கம் செபுல்வேதா எண்ட அறிஞர், ழான் லூயி த்ரந்தீஞான். நடுவில பாப்பரசரின்ர தூதர், ழான் கார்மே. சண்டை இல்லை, குதிரை இல்லை, மூண்டு கிழவர் இருந்து கதைக்கிறதுதான் படம். கண் எடுக்கேலாது. த்ரந்தீஞான் குரலை உயர்த்தாமலே அவ்வளவு கொடுமையான விசயத்தை தர்க்கமாச் சொல்லேக்க, பாக்கிற எங்களுக்கே ஒரு நிமிசம் சரிதானோ எண்டு வந்திடும். கடைசியில தூதர், செவ்விந்தியர் மனுசர்தான் எண்டு தீர்ப்புச் சொல்லுறார். அப்ப வேலைக்கு ஆள் வேணுமே, ஆபிரிக்காவில இருந்து கொண்டு வரலாமே எண்டு அதே மூச்சில சொல்லுறார். அங்க படம் முடிக்கிற விதம் வயித்தைக் கலக்கும்.

வரலாறு அப்பிடியே இல்லை எண்டதையும் சொல்லோணும். உண்மையில அந்த ரெண்டு பேரும் நேருக்கு நேர் நிண்டு வாதாடேல்ல, தனித்தனியாத்தான் வாதத்தை வச்சவை. கூட்டினது ஐந்தாம் சார்ல்ஸ் ராசா, பாப்பரசரின்ர தூதர் எல்லாம் கரியேரின்ர கற்பனை, தெளிவான தீர்ப்பெண்டும் ஒண்டும் வரேல்ல. இங்க கனபேர் படத்தைப் பாத்திட்டு அதுதான் சரித்திரம் எண்டு நம்பிக்கொண்டிருக்கினம்.

கோமதி_நெல்லை:
தம்பி, கும்புடுறேன் உங்கள. ரீல்பெட்டி கேட்ட முத்திரை இதுலதான் இருக்கு.

இல்லாத தீர்ப்ப கற்பனை பண்ணி, நேர்ல பேசிக்காத ரெண்டு பேர நேர்ல பேச வெச்சாருன்னா, அந்த ஆளுக்கு ஒரு சபை தேவைப்பட்டிருக்கு. ஒரு கூட்டம் உக்காந்து இவன் யாரு, இது என்னன்னு கேக்கணும், பதில் வரணும், வந்த பதில் யாருக்கும் ஒட்டக்கூடாது. இத வெச்சு மத்த படங்கள பாருங்க. 1982ல வந்த மார்த்தான் கேர். பதினாறாம் நூற்றாண்டு, ஆர்திகாத்னு ஒரு கிராமம், ஓடிப்போன புருஷன் வருஷக்கணக்கு கழிச்சு திரும்பி வரான், கொஞ்ச காலம் கழிச்சு இவன் அவன் இல்லன்னு கேஸ் போடுறாங்க. துலூஸ் கோர்ட்ல அவன் பேசிப் பேசி ஜெயிக்கப் போற நேரம் மரக்கால் ஊனிட்டு நெஜ மார்த்தான் உள்ள வரான். நடந்த கதை அது, வழக்க விசாரிச்ச கோராஸ்ங்குற ஜட்ஜே அதப்பத்தி புத்தகம் எழுதிருக்காரு. கரியேரும் டைரக்டர் வீஞ்ஞும் அதுக்கு பிரெஞ்சு சினிமாவோட பெரிய விருதான சேசார் அவார்டு வாங்கினாங்க. அந்த படத்துக்கு ஆலோசகரா இருந்த நதாலி டேவிஸ்ங்குற வரலாற்றுக்காரம்மா, படத்துல சொல்ல முடியாதது நெறைய இருக்குன்னு அடுத்த வருஷமே தனியா ஒரு புத்தகம் போட்டாங்க, அது இன்னிக்கும் காலேஜ்ல படிக்கிறாங்க.

தாந்தோன்ல கோர்ட். மில்கி வேல படம் பூரா மதத்துல எது சரி எது தப்புன்னு வாதம், ஹோட்டல் சர்வருங்க கூட அதத்தான் பேசுறாங்க. மகாபாரதத்துல சொல்லவே வேணாம், தன்னையே தோத்தவன் என்னைய எப்படி பணயம் வெப்பான்னு பாஞ்சாலி கேக்குறா, பீஷ்மர் உட்பட ஒருத்தனாலயும் பதில் சொல்ல முடியல. பர்த்ல பத்து வயசு பையன் ஒருத்தன் வந்து நான்தான் உன் செத்துப்போன புருஷன்னு சொல்றான், குடும்பமே உக்காந்து அவன விசாரிக்குது. டைரக்டர் மாறுறாங்க, நாடு மாறுது, சபை மாறல.

ரீல்பெட்டி:
கோமதி மேடம், நல்லாத்தான் இருக்கு, ஆனா கொஞ்சம் இழுத்து கட்டின மாதிரி இருக்கு. தாந்தோன் கோர்ட் சீன் போலந்து நாடகத்துல இருந்து வந்தது, பிஷிபிஷெவ்ஸ்கா எழுதினது. பாஞ்சாலி கேள்வி வியாசர் கணக்கு. மார்த்தான் கேர் வழக்கு நெஜத்துலயே நடந்தது. இதுல கரியேர் கண்டுபிடிச்சது என்ன? சரி, தேடிப் போய் எடுத்தாருன்னு சொல்லுவீங்க. அப்போ எத்தே படத்துல சபை எங்க? அவரோட யோயோ படத்துல எங்க? லா பிஸின்ல நாலு பேரு நீச்சல் குளத்துல படுத்து கெடக்குறாங்க, சபையா அது? நூறு படம் எழுதினவன்கிட்ட எந்த பேட்டர்ன் தேடினாலும் ஆறு படம் கெடைக்கும்.

செய்யாறு_ராத்திரி:
மகாபாரதம்னு பேச்சு வந்ததால உள்ள வரேன் அண்ணே. எனக்கு அந்த படம் பிடிக்கல. சுத்தமா பிடிக்கலன்னு இல்ல, ஒரு உறுத்தல்.

எங்க ஊர் பக்கம் அம்மன் கோயில் திருவிழால பாரதம் ராத்திரி பூரா நடக்கும், பதினெட்டாம் போர் அன்னிக்கு துரியோதனன் மண்ணுல படுத்திருப்பான், பாஞ்சாலி கூந்தல் முடிவா. அத சின்ன வயசுல இருந்து பாத்துட்டு புரூக் படத்த பாத்தா எல்லாரும் ரொம்ப அமைதியா, தத்துவமா பேசுற மாதிரி இருக்கு. கீதை வருது, வந்த வேகத்துல முடிஞ்சிடுது. சாதி ஒரு ஓரமா நிக்குது. நாடக விமர்சகர் ருஸ்தம் பரூச்சா அப்பவே கிழிச்சு எழுதினாரு, இந்த மண்ணுல இருந்து கதைய மட்டும் பிடுங்கிட்டு போயிட்டாங்கன்னு. அந்த விமர்சனத்துல எனக்கு முக்காவாசி சம்மதம். முக்கிய வேஷத்துல மல்லிகா சாராபாய் ஒருத்தர்தான் இந்தியர், மத்தவங்க உலகம் பூரா இருந்து.

ஆனா ஒரு விஷயத்துல கரியேர குறை சொல்ல மனசு வரல. எழுபதுகள்ல பிலிப் லவாஸ்தீன்னு ஒரு சமஸ்கிருத அறிஞர்கிட்ட இவரும் புரூக்கும் போறாங்க, அவரு கதைய வாயாலயே ராத்திரி ராத்திரியா சொல்றாரு. புத்தகத்த படிக்கறதுக்கு முன்னாடி காதால கேட்டிருக்காங்க. அப்புறம் பத்து வருஷம். இந்தியாவுக்கு வந்து சுத்திருக்காங்க. 1985ல தெற்கு பிரான்ஸ்ல அவிஞ்ஞோன் ஊர் பக்கம் ஒரு பழைய கல்குவாரில நாடகமா போட்டாங்க, ஒம்போது மணி நேரம், ராத்திரி முழுக்க நடந்து விடியும்போது முடியும். ராத்திரி பூரா கண்ணு முழிச்சு பாரதம் பாக்கணும்ங்கறத புரிஞ்சிக்கிட்டான்ல, அதுக்கு ஒரு சல்யூட்.

லாச்சப்பல்_தம்பி:
@செய்யாறு_ராத்திரி உங்களுக்கு ஒரு புதினம் சொல்லுறன். அவிஞ்ஞோனுக்குப் பிறகு அந்த நாடகம் பாரிஸில நடந்தது பூஃப் து நோர் தியேட்டரில. அது எங்க இருக்குத் தெரியுமோ? லாச்சப்பல் மெட்ரோ வாசலில. இறங்கி நடந்தா புட்டும் இடியப்பமும் விக்கிற எங்கட கடையள்தான். புரூக் அந்த இடிஞ்சு கிடந்த தியேட்டரை 1974ல எடுத்துத் திறக்கேக்க போட்ட முதல் நாடகமும் கரியேர் பிரெஞ்சுக்கு மாத்தி எழுதின ஷேக்ஸ்பியர்தான். எங்கட சனம் தினமும் மரக்கறி வாங்கப் போற வழியில பாரதம் நடந்திருக்கு, எத்தினை பேர் உள்ள போயிருப்பினமோ.

செய்யாறு_ராத்திரி:
இது தெரியாது தம்பி. செம.

எடிட்டிங்_ரூம்:
சபை தியரி எனக்கு பாதி ஓகே. மீதி பாதிக்கு நான் வேற ஒண்ணு சொல்றேன், அவரு எடுத்துக்கிட்ட புத்தகங்கள பாருங்க. குந்தர் கிராஸோட டின் ட்ரம், குந்தேராவோட நாவல், ப்ரூஸ்ட், ரோஸ்தானோட சிரானோ, மகாபாரதம். படமாக்கவே முடியாதுன்னு எல்லாரும் கைய தூக்கின சரக்கா தேடித் தேடி எடுத்திருக்காரு. டின் ட்ரம் 1979ல கான்ல அபோகலிப்ஸ் நவ் கூட பரிசப் பங்கு போட்டுச்சு. குந்தேரா நாவல் 1988ல படமா வந்துச்சு, கரியேருக்கு ஆஸ்கர் நாமினேஷன் கூட கெடச்சுது, ஆனா குந்தேராவுக்கு படம் பிடிக்கல, இனிமே என் எழுத்த யாரும் படமாக்கக் கூடாதுன்னுட்டாரு. ரைட்டர் பொழப்பு அப்படித்தான்.

சிரானோவ எடுத்துக்கோங்க. 1897ல எழுதின நாடகம், படம் பூரா செய்யுள்ல பேசுறாங்க. வசனத்த உரைநடையா மாத்திடலாம்னு வேற எவனா இருந்தாலும் சொல்லிருப்பான். இவரும் ரப்பனோவும் செய்யுள வெச்சுக்கிட்டே நெறைய வெட்டி, வெட்டின எடத்துல தையல் தெரியாம இருக்க தாங்களே சில வரிகள் எழுதி சேத்துட்டாங்க. எது ரோஸ்தான், எது இவங்கன்னு பிரெஞ்சுக்காரனுக்கே சட்டுனு தெரியாதாம். ரீல்பெட்டி சொல்ற டெய்லர் இதான். ஆனா இதுக்கு கையோட தைரியமும் வேணும்ல.

அவரே எழுதிருக்காரு, ஷூட்டிங் முடிஞ்ச அன்னிக்கு ஸ்டுடியோ குப்பைத் தொட்டில பாத்தா ஸ்கிரிப்ட் கெடக்கும், படமா மாறினப்புறம் அதுக்கு வேலை இல்லன்னு. இந்த எண்ணத்தோட எழுதுறவன்கிட்ட போய் முத்திரை எங்கன்னு கேட்டா எப்படி.

மொட்டமாடி:
எத்தே பத்தி ஒரு தகவல். அந்த படங்கள் உரிமை ஒப்பந்தத்துல சிக்கி வருஷக்கணக்கா யாரும் பாக்க முடியாம முடங்கிக் கெடந்துச்சு. எத்தேவும் கரியேரும் கோர்ட்டு வரைக்கும் போய் மீட்டாங்க, 2010ல ரிப்பேர் பண்ணி திரும்ப ரிலீஸ் பண்ணாங்க. ரீல்பெட்டி கேட்டாருல்ல எத்தே படத்துல சபை எங்கன்னு, அது இங்க இருக்கு 😀

புதுசா_வந்தவன்:
அண்ணன்களா அக்காக்களா, நான் இவரு படம் எதுவும் பாத்ததில்ல. எதுல இருந்து ஆரம்பிக்கணும்?

கோமதி_நெல்லை:
மார்த்தான் கேர். கதையா பாத்தாலே இழுத்துட்டு போகும். பிடிச்சா அடுத்து டிஸ்க்ரீட் சார்ம்.

எடிட்டிங்_ரூம்:
அந்த கல்யாண நாள் குறும்படம். கால் மணி நேரம்கூட ஆகாது, சப்டைட்டிலும் தேவப்படாது.

லாச்சப்பல்_தம்பி:
வயதோலித். சப்டைட்டிலோட பாருங்கோ, த்ரந்தீஞான்ர முகத்தை மட்டும் பாத்தாலும் காணும்.

செய்யாறு_ராத்திரி:
மகாபாரதம் பாத்தா டிவிக்கு பண்ணின நீள வெர்ஷனையே பாருங்க, தியேட்டருக்கு வெட்டினது மூணு மணி நேரம்தான், அதுல யாரு யாருக்கு என்ன உறவுன்னே வெளியூர்க்காரனுக்கு புரியாது. பாத்துட்டு இங்க வந்து என்கூட சண்டை போடுங்க.

ரீல்பெட்டி:
நேத்து ராத்திரி பர்த் திரும்ப பாத்தேன், கோமதி மேடம் சொன்னதுக்காக. ஆமா, அந்த மச்சான் கேரக்டர் டேப் ரெக்கார்டர வெச்சு பையன கேள்வி மேல கேள்வி கேக்குறான், சபைதான் அது, மறுக்கல. ஆனா அதுல எனக்கு மறக்காம இருக்கறது கிட்மன் ஓபரால உக்காந்திருக்குற அந்த நீளமான குளோசப், ஒரு வார்த்தை வசனம் இல்ல, அது டைரக்டர் கிளேசரோடது. அதனால டெய்லர வாபஸ் வாங்கறதா இல்ல.

கோமதி_நெல்லை:
அந்த குளோசப்புக்கு முன்னாடி பையன் நான்தான் ஷான்னு சொல்லி, போடான்னு அனுப்பி, அவன் கீழ விழுற சீனை எழுதி வெக்கலன்னா அவ மூஞ்சில என்ன இருந்திருக்கும், வாபஸ் வாங்கலன்னா போங்க. அடுத்து மில்கி வே பாத்துட்டு வாங்க, அங்க பேசிக்கலாம்.